ரோஜா (1992) பாட்டுங்க பத்தி திரும்பத் திரும்பக் கேக்குற கேள்விகள்

1992ல நான் எட்டாம் கிளாஸ். தென்காசில எங்க மாமா ஒரு ரெக்கார்டிங் சென்டர் வச்சிருந்தார், ஸ்கூல் விட்டா நேரா அங்கதான் போவேன். ஜனங்க எம்ப்டி கேசட்டும், நோட்டுப் பேப்பர்ல எழுதின பாட்டு லிஸ்ட்டும் குடுத்துட்டுப் போவாங்க, ரெண்டு நாள் கழிச்சு வந்து வாங்கிப்பாங்க. ரோஜா வந்த நேரத்துல அந்த லிஸ்ட்டுங்கள்ல பாதிக்கு மேல ஒரே பாட்டுலதான் ஆரம்பிக்கும், என்ன பாட்டுன்னு சொல்லத் தேவையே இல்ல. இப்ப நான் கீபோர்டு கத்துக்குடுக்கேன். புள்ளைங்களும் கேக்காங்க, கூட்டிட்டு வர்ற அப்பா அம்மாவும் கேக்காங்க, எல்லாம் அதே கேள்விங்கதான், அதனால ஒரே இடத்துல எழுதி வச்சுட்டா நல்லதுன்னு தோணுச்சு.

ரோஜா எப்ப வந்துச்சு சார், பாட்டெல்லாம் என்னென்ன?

படம் ரிலீஸ் 1992 ஆகஸ்ட் 15. கே. பாலசந்தரோட கவிதாலயா தயாரிப்பு, மணிரத்னம் டைரக்‌ஷன், சந்தோஷ் சிவன் கேமரா, அரவிந்த்சாமியும் மதுபாலாவும் ஜோடி. இசை ஏ.ஆர். ரஹ்மான், பாட்டு எல்லாமே வைரமுத்து.

சின்ன சின்ன ஆசை (மின்மினி), புது வெள்ளை மழை (உன்னி மேனன், சுஜாதா), ருக்குமணி ருக்குமணி (எஸ்.பி.பி., சித்ரா), காதல் ரோஜாவே (எஸ்.பி.பி., சுஜாதா), தமிழா தமிழா (ஹரிஹரன்). முழுப் பாட்டுன்னா இந்த அஞ்சுதான். இது போக கேசட்ல சில பாட்டோட இன்னொரு வடிவமும் இருக்கும், அதனாலதான் ஒவ்வொருத்தர் ஒவ்வொரு எண்ணிக்கை சொல்றாங்க.

ரஹ்மானுக்கு இதுதான் முதல் படமா? யோத்தான்னு ஒரு மலையாளப் படம் முன்னாடியே பண்ணிட்டார்னு என் ஃப்ரெண்டு அடிச்சு சொல்றான்

ரிலீஸ் தேதியை வச்சுப் பாத்தா ரோஜாதான் முதல். யோத்தாவும் அதே 1992தான், ஆனா தியேட்டருக்கு வந்தது செப்டம்பர்ல, ரோஜாவுக்குக் கொஞ்ச நாள் பின்னாடி. அதோட டைரக்டர் சங்கீத் சிவன், ரோஜாவுக்கு கேமரா பண்ண சந்தோஷ் சிவனோட அண்ணன், ரெண்டு வேலையும் கிட்டத்தட்ட ஒரே சமயத்துல நடந்ததாலதான் உங்க ஃப்ரெண்டுக்கு இந்தக் குழப்பம்.

ஆனா முதல் படம்னு சொல்லும்போது ஏதோ நேத்துதான் இசைக்கு வந்தவர் மாதிரி ஒரு அர்த்தம் வருது பாருங்க, அதை மட்டும் நம்பாதீங்க. அவங்க அப்பா ஆர்.கே. சேகர் மலையாள சினிமால இசையமைப்பாளர், 1976ல இறந்துட்டார், பையனுக்கு அப்ப 9 வயசு. அதுக்கப்புறம் வீட்டுக்காக சின்ன வயசுலயே கீபோர்டைத் தூக்கிட்டு ரெக்கார்டிங் ரெக்கார்டிங்கா போனவர். எம்.எஸ்.வி., இளையராஜா, தெலுங்குல ரமேஷ் நாயுடு, ராஜ் கோட்டின்னு பலர்கிட்ட வாசிச்சிருக்கார். ரோஜா வரும்போது அவருக்கு வயசு 25, அதுல பத்து வருஷத்துக்கு மேல ஸ்டூடியோக்குள்ளதான்.

அப்ப திலீப்ங்கிறது யாரு?

அவரேதான். பிறந்தப்ப வச்ச பேரு ஏ.எஸ். திலீப்குமார். குடும்பமே இஸ்லாத்துக்கு மாறினாங்க, அப்ப பேரும் மாறுச்சு. ஆனா ஸ்டூடியோ வட்டாரத்துல ரொம்ப நாள் திலீப்னுதான் கூப்பிட்டுட்டு இருந்தாங்க. ரோஜா டைட்டில்ல புதுப் பேருதான் வரணும்னு அவங்க அம்மா விரும்பிக் கேட்டு மாத்தினதா அவரே சொல்லியிருக்கார். ஊர் முழுக்க அந்தப் பேரைப் படிச்சது அந்த டைட்டில்லதான்.

மணிரத்னம் ஏன் இளையராஜாவை விட்டுட்டு புது ஆள்கிட்ட போனார்? சண்டையா?

அதுக்கு முன்னாடி மணிரத்னம் எடுத்தது பத்து படம், 1983ல கன்னடத்துல எடுத்த பல்லவி அனுபல்லவில இருந்து 1991 தளபதி வரைக்கும், பத்துக்கும் இளையராஜாதான். அந்தப் பத்துல நாயகன் ராஜாவுக்கு 400ஆவது படம், அஞ்சலி 500ஆவது. அப்படி ஒரு கூட்டணி முடிஞ்சா யாருக்கும் காரணம் தெரிஞ்சுக்கணும்னு ஆசை வரும். ஆனா ரெண்டு பேர் மனசுக்குள்ள என்ன இருந்துச்சுன்னு வெளில நின்னு நாம ஜோசியம் சொல்றது எனக்குப் பிடிக்கல.

கண்ணுக்குத் தெரிஞ்சதைச் சொல்றேன். ரஹ்மான் அப்ப விளம்பரப் பாட்டு உலகத்துல பேர் வாங்கிட்டார், லியோ காப்பி விளம்பரம் வீட்டுக்கு வீடு தெரியும். அந்த உலகத்து ஆளுங்க மூலமாத்தான் மணிரத்னம் அவரோட ஸ்டூடியோவுக்கு வந்து ட்யூன் கேட்டார். பத்து செகண்டு, முப்பது செகண்டுல கேக்குறவன் மனசைப் பிடிக்கணும்ங்கிறதுதான் விளம்பர வேலை. அந்தப் பழக்கம் ரோஜா பாட்டுங்கள்ல தெரியும், எந்தப் பாட்டுலயும் ஆரம்பிக்கிற இடத்துல ஒரு வீண் நொடி கிடையாது.

பஞ்சதன்னா பெரிய ஸ்டூடியோவா?

இல்ல. கோடம்பாக்கத்துல அவர் வீட்டுக்குப் பின்னாடியே கட்டின சின்ன இடம், பஞ்சதன் ரெக்கார்ட் இன்னுன்னு பேரு. சின்னது சொந்தமா இருந்ததுலதான் விஷயமே இருக்கு. பெரிய ஸ்டூடியோன்னா கால்ஷீட் கணக்கு. காலைல நோட்ஸ் குடுப்பாங்க, வயலின்காரங்க, தபலா, ஃப்ளூட்டு எல்லாரும் ஒண்ணா உக்காந்து ரிகர்சல் பாத்து வாசிப்பாங்க, பாடுறவங்க வந்து பாடி முடிச்சா அன்னிக்கே பாட்டு ரெடி. அதுக்கு எப்பேர்ப்பட்ட திறமை வேணும்னு வாசிக்கிறவங்களைக் கேட்டாத் தெரியும், நான் அதைக் குறைச்சு சொல்லவே மாட்டேன்.

வீட்லயே ஸ்டூடியோன்னா அந்த மணிக்கணக்கு கிடையாது. ராத்திரி பூரா உக்காந்து ஒரே ஒரு தாளத்தை மாத்தி மாத்திப் பாக்கலாம், பிடிக்கலன்னா அழிச்சுட்டு மறுநாள் ஆரம்பிக்கலாம். ரஹ்மான் ராத்திரில வேலை பாக்குறவர்ங்கிறது ஊருக்கே தெரிஞ்ச கதைதானே.

எல்லாமே கம்ப்யூட்டர்ல போட்டதாமே? பட்டனை அழுத்துனா பாட்டு வந்துடுமாமே?

இந்தக் கேள்வியை 1992லயே மாமா கடைல நின்னு கேட்டாங்க, இப்பவும் கேக்காங்க. எனக்கு மனசு வலிக்குற கேள்வி இது, அதனால கொஞ்சம் நீளமாவே சொல்றேன்.

கம்ப்யூட்டர்னு ஜனங்க சொல்றது பெரும்பாலும் சீக்வென்சர்ங்கிற ஒண்ணைத்தான். அது சத்தத்தைப் பதிவு பண்றதில்ல. நீங்க கீபோர்டுல எந்தக் கட்டையை எந்த நேரத்துல அமுக்குனீங்க, எவ்வளவு அழுத்தமா அமுக்குனீங்க, எப்ப கையை எடுத்தீங்க, இந்த விவரத்தை மட்டும் ஞாபகம் வச்சுக்கும். அப்புறம் அதே விவரத்தை வேற ஒரு வாத்தியத்தோட சத்தத்துக்குக் குடுக்கலாம், வேகத்தைக் கூட்டலாம் குறைக்கலாம். யோசிச்சு வாசிக்கிறது முழுக்க மனுஷன்தான். தப்பா யோசிச்சா அதுவும் தப்பைத்தான் அழகா ஞாபகம் வச்சுக்கும். இன்னொண்ணு, கம்ப்யூட்டர் ரோஜாலதான் தமிழுக்கு வந்துச்சுங்கிறதும் தப்பு, 1986ல புன்னகை மன்னன்லயே இளையராஜா பயன்படுத்திட்டார்.

ரோஜாவுல புதுசுன்னா அது அடுக்கின விதம்தான். ஒவ்வொரு வாத்தியத்தையும் தனித்தனி ட்ராக்ல எடுத்து, ஒண்ணு மேல ஒண்ணு வச்சு, எது முன்னாடி நிக்கணும் எது பின்னாடி மெல்லிசா ஓடணும்னு உக்காந்து முடிவு பண்ணது. சின்ன சின்ன ஆசைல பேஸ், அதாவது அடியில ஓடுற அந்தக் கனமான சுரம், தனியா நடந்து போறது காதுக்கு நல்லாத் தெரியும், மின்மினி குரலைச் சுத்தி நிறைய இடம் காலியா விட்டிருப்பார். காலியா விடுறதுக்கு ஒரு தைரியம் வேணும், அதுவும் முதல் படத்துல. மாமா அந்தக் கேசட்டை முதல் தடவை டெக்ல போட்டுட்டு, ஸ்பீக்கர் வயர் எதுவும் லூசா இருக்கான்னு பின்னாடி போய்ப் பாத்தார், ஏன்னா அப்படி ஒரு அடிச்சத்தம் அந்த ஸ்பீக்கர்ல இருந்து அதுவரை வந்ததில்ல.

சின்ன சின்ன ஆசை பாடினது சித்ராவா சுஜாதாவா?

ரெண்டு பேருமே இல்ல, மின்மினி. கேரளாக்காரங்க, அந்தப் பேரை வச்சது இளையராஜா. இந்தப் பாட்டுக்காக தமிழ்நாடு அரசோட சிறந்த பின்னணிப் பாடகி விருது அவங்களுக்குக் கிடைச்சது. கொஞ்ச காலத்துலயே குரல் பாதிச்சு பல வருஷம் பாட முடியாமப் போய், அப்புறம் திரும்பி வந்தாங்க. இடையில அவங்க பேரே எங்கயும் கேக்கலங்கிறதாலதான் ஜனங்க பாட்டைத் தெரிஞ்ச வேற பேர்ல எழுதிட்டாங்கன்னு நினைக்கேன். தயவுசெஞ்சு இதை மட்டும் சரியாச் சொல்லுங்க. அந்தக் குரல் இல்லாம அந்தப் பாட்டே இல்ல.

புது வெள்ளை மழை எஸ்.பி.பி. பாடினதுதானே? நான் கேட்டிருக்கேன்

நீங்க கேட்டது பொய் இல்ல, ஆனா வேற மொழில கேட்டிருப்பீங்க. இதே பாட்டை இந்தில எஸ்.பி.பி.யும் சித்ராவும் பாடினாங்க, தெலுங்குலயும் எஸ்.பி.பி.தான். தமிழ்ல உன்னி மேனன். அந்தக் குரல்ல ஒரு குளிர் இருக்கும், ஓங்கிப் பாடாம பக்கத்துல நின்னு சொல்ற மாதிரி பாடியிருப்பார், பனியில எடுத்த பாட்டுக்கு அப்படியே பொருந்தும். கூடப் பாடின சுஜாதா 70கள்லயே சின்னப் பொண்ணா தமிழ்ல பாடினவங்க, காயத்ரி படத்துல அவங்க பாட்டு இருக்கு. அவங்களையும் ரோஜாவுலதான் வந்தாங்கன்னு நிறைய பேர் நினைக்காங்க.

எஸ்.பி.பி.யைத் தமிழ்ல கேக்கணும்னா ருக்குமணியும் காதல் ரோஜாவேயும். ஒண்ணு முதலிரவுக் கொண்டாட்டம், ஊர்க் கிழவிங்க எல்லாம் ஆடுவாங்க. இன்னொண்ணுல கதாநாயகன் தீவிரவாதிங்ககிட்ட மாட்டிக்கிட்டு இருக்கான், பொண்டாட்டியை நினைச்சுப் பாடுறான். ரெண்டையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்க, ஒரே மனுஷன்னு நம்ப முடியாது.

பாட்டெல்லாம் காஷ்மீர்ல எடுத்ததா?

அந்த நேரத்துல காஷ்மீர்ல போய் ஷூட்டிங் எடுக்குற நிலைமை இல்ல. பனி வர்றதெல்லாம் மணாலி, மலைப்பகுதி கொஞ்சம் ஊட்டி, குன்னூர் பக்கம். கதைப்படி ரோஜாவோட ஊர் எங்க தென்காசி பக்கத்துல இருக்க சுந்தரபாண்டியபுரம், அதனால எங்க ஊர்க்காரங்களுக்கு இந்தப் படத்துப் பாட்டுங்க மேல ஒரு தனி உரிமை உண்டு. மாமா கடைல அந்தப் பேரைச் சொல்லியே கேசட் கேட்டவங்க இருக்காங்க, "நம்ம சுந்தரபாண்டியபுரம் பாட்டு போடுங்க அண்ணாச்சி"ன்னு.

வைரமுத்துவுக்கு இந்தப் படத்துல என்ன அவ்வளவு முக்கியம்?

80கள் நடுவுல இளையராஜாவும் அவரும் பிரிஞ்சாச்சு, புன்னகை மன்னனோட சரி. அப்ப தமிழ் சினிமால ராஜா இல்லாம பாட்டு எழுதுறதுன்னா எவ்வளவு படம் கிடைக்கும்னு நீங்களே யோசிங்க. ரோஜா அவருக்கு ரெண்டாவது வாசல். சின்ன சின்ன ஆசைக்கு தேசிய விருது வாங்கினார், அதுக்கு முன்னாடி முதல் மரியாதைக்கு ஒண்ணு வாங்கியிருந்தார். ஒரு கிராமத்துப் பொண்ணு என்னெல்லாம் ஆசைப்படுவான்னு அடுக்கிட்டே போற பாட்டு, எல்லாம் சின்னச் சின்ன வார்த்தை, அஞ்சு வயசுப் புள்ளைக்கும் புரியும். எங்கிட்ட கத்துக்க வர்ற புள்ளைங்க முதல் மாசத்துலயே வாய்விட்டுப் பாடிட்டு வாசிக்கிற பாட்டு இன்னிக்கும் இதுதான்.

வந்த உடனே ஹிட்டா, இல்ல மெல்ல மெல்லவா?

எங்க கடைல நான் பாத்ததைச் சொல்றேன். முதல்ல ஸ்கூல், காலேஜ் பசங்க வந்தாங்க. பெரியவங்க "என்னடே இது, இங்கிலீஷ் பாட்டு மாதிரி சத்தம் போடுது, ஒரு மாசம் தாங்காது"ன்னாங்க. படம் வந்த பிறகு அதே பெரியவங்க காதல் ரோஜாவே கேட்டு வந்தாங்க. அப்புறம் கல்யாண வீட்டு ரேடியோ செட்டுக்காரங்க ருக்குமணி கேட்டு வந்தாங்க. தீபாவளி சமயத்துல 60 நிமிஷ கேசட் ரெண்டு பக்கமும் ரோஜாவே திரும்பத் திரும்பப் பதிஞ்சு தரச் சொன்னவங்களும் உண்டு, ரீவைண்ட் பண்ணியே நாடா சிக்கிக்குதாம், அதுக்காக.

ராஜா ரசிகர்கள் சிலருக்குக் கோவமும் இருந்துச்சு, அது நியாயமான பாசம். மாமாவே பெரிய ராஜா ரசிகர்தான். ஆனா நல்ல பாட்டை நல்ல பாட்டுன்னு சொல்ல அவர் தயங்கினதே இல்ல, என்னையும் அப்படித்தான் கேக்கப் பழக்கினார்.

தேசிய விருதுல இளையராஜாவை ஒரு ஓட்டுல தோக்கடிச்சுட்டாங்கன்னு சொல்றாங்களே, உண்மையா?

1992 படங்களுக்கான 40ஆவது தேசிய விருதுல இசைக்குக் கடைசில நின்னது ரெண்டு பேர், ரோஜாவுக்கு ரஹ்மான், தேவர் மகனுக்கு இளையராஜா. ரெண்டு பேருக்கும் சம ஓட்டு. நடுவர் குழுத் தலைவர் பாலு மகேந்திரா, தலைவரோட ஓட்டை ரஹ்மானுக்குப் போட்டார். அதுவரைக்கும் உண்மை.

தோக்கடிச்சாங்கங்கிற வார்த்தைதான் தப்பு. பாலு மகேந்திரா யாரு? மூடுபனில இருந்து தன்னோட படங்களுக்கு ராஜாவையே விடாம வச்சுக்கிட்டவர், மூடுபனி ராஜாவோட 100ஆவது படம். அப்படிப்பட்டவருக்கு ராஜா மேல விரோதம் இருக்க முடியுமா? முதல் படத்துலயே ஒரு பையன் இதைச் செஞ்சிருக்கான்ங்கிறதுக்கு அவர் மதிப்புக் குடுத்தார், அவ்வளவுதான் எனக்குத் தோணுது. அதே வருஷம் தேவர் மகன் பாட்டுக்கு எஸ். ஜானகிக்குத் தேசிய விருது வந்துச்சு, அதை யாரும் பேசுறதே இல்ல. ஒரே வருஷத்துல தமிழ்ல ரெண்டு அப்படிப்பட்ட ஆல்பம், சண்டை போடவா அது வந்துச்சு?

சம்பளம் வெறும் 25,000 ரூபாய்தானாமே?

ஆமா, ரோஜாவுக்கு அவர் வாங்கினது 25,000ன்னுதான் எல்லா இடத்துலயும் பதிவாகியிருக்கு. விளம்பரத்துலயும் கீபோர்டு வாசிச்சும் அதைவிட வேகமா சம்பாதிச்சிருக்க முடியும். படம் கிடைச்சதேங்கிறதுதான் அவருக்குப் பெருசா இருந்திருக்கும்.

இந்தி ரோஜாவுக்கு மியூசிக் வேறயா? ருக்குமணி ஆள் குரலே மாறியிருக்கே

மியூசிக் அதேதான். மேல ட்ராக் விஷயம் சொன்னேன்ல, அது இங்கதான் உதவும். குரல் தனியா, வாத்தியம் தனியா இருக்கதால குரலை மட்டும் எடுத்துட்டு வேற மொழில பாட வைக்கலாம். இந்தில வரிகள் பி.கே. மிஸ்ரா. சின்ன சின்ன ஆசையை இந்திலயும் மின்மினியே பாடினாங்க. ருக்குமணியை பாபா சேகலும் ஸ்வேதா ஷெட்டியும் பாடினாங்க, அதான் உங்களுக்கு வேற மாதிரி கேட்டிருக்கு.

இந்தி வரிகளை நிறைய பேர் குறை சொல்லுவாங்க. வாய் அசைவுக்கும் மெட்டுக்கும் ஏத்த மாதிரி எழுதுறது லேசான வேலை இல்ல, அதைப் பாத்துதான் பேசணும். அப்படி இருந்தும் தமிழ் ஒரு வார்த்தை தெரியாதவங்க வடக்குல இந்தப் பாட்டுங்களைத் தூக்கி வச்சுக்கிட்டாங்க, 1995ல ஃபிலிம்ஃபேர் புது இசைத் திறமைக்கான ஆர்.டி. பர்மன் விருதை முதல் ஆளா ரஹ்மானுக்குக் குடுத்துச்சு.

தமிழா தமிழா படத்துல பாட்டாவே வரலையே, ஏன்?

வரும், ஆடல் பாட்டா வராது. தீவிரவாதிங்க தேசியக் கொடியைக் கொளுத்தும்போது கதாநாயகன் மேல விழுந்து தன் உடம்பாலயே தீயை அணைப்பான்ல, அங்க பின்னணில ஓடும். ஹரிஹரனுக்குத் தமிழ் சினிமாப் பாட்டுன்னா இதுலதான் தொடக்கம். கஜல்ல ஊறின குரல், அதான் அந்தக் கோவமான இடத்துலயும் ஒரு கனிவு இருக்கு.

இதுல யோசிக்க வேண்டிய ஒண்ணு. தமிழ்ல இந்தப் பாட்டு தமிழனைக் கூப்பிட்டுப் பேசுது, இந்தில பாரத் ஹம்கோன்னு நாட்டைப் பத்திப் பேசுது, மெட்டு ஒண்ணுதான். ஒரே மெட்டு ரெண்டு விதமான பாசத்தைத் தாங்குதுன்னா அந்த மெட்டுக்குள்ள வார்த்தைக்கு முன்னாடியே ஏதோ இருக்கு. வடக்குல இருந்து வந்தவங்ககிட்ட நான் தமிழ்ல வாசிச்சுக் காட்டினா அவங்க எந்திரிச்சு நின்னு அவங்க மொழில பாடுறாங்க.

டைம் பத்திரிகை உலகத்துலயே நம்பர் ஒன் ஆல்பம்னு சொல்லிச்சாமே?

நம்பர் ஒன்னு சொல்லல. 2005ல டைம் பத்திரிகைல ரிச்சர்ட் கார்லிஸ்ங்கிற விமர்சகர் எல்லாக் காலத்துலயும் சிறந்த பத்து படப் பாட்டு ஆல்பம்னு ஒரு பட்டியல் போட்டார், அதுல ரோஜா இருக்கு. அந்தப் பத்துல ஒரு தமிழ்ப் பட கேசட் நிக்கிறதே போதும், கூட்டிச் சொல்ல அவசியம் இல்ல.

என் அப்பா வச்சிருக்க பழைய கேசட்ல கேட்டா சுருதியே கொஞ்சம் ஏறி இருக்கு, ஆன்லைன்ல இறங்கி இருக்கு. எது ஒரிஜினல்?

இதுதான் ரொம்ப நுணுக்கமான கேள்வி, என் ஸ்டூடண்ட் ஒரு பையன் கீபோர்டை வச்சுச் சரி பாத்துட்டு வந்து கேட்டான். பெரும்பாலும் காரணம் மோட்டார்தான். டேப் ரெக்கார்டர் மோட்டார் கொஞ்சம் வேகமா ஓடினா பாட்டும் வேகமாகும், சுருதியும் ஏறும். அதை விட முக்கியம், உங்க அப்பா கேசட் கம்பெனி கேசட்டா, இல்ல எங்க கடை மாதிரி எங்கயாவது பதிஞ்சதான்னு பாருங்க. எங்க டெக்கு மெதுவா ஓடுற நாள்ல பதிஞ்ச கேசட் எல்லாம் வேற வீட்டு செட்ல போட்டா சுருதி ஏறித்தான் கேக்கும். அதனால சுருதிக்கு ஆன்லைனையோ சிடியையோ நம்புங்க.

சத்தத்துக்கு மட்டும் எனக்கு வேற கருத்து. பிற்காலத்துல வந்த சில பதிப்புங்கள்ல எல்லாத்தையும் ஒரே உயரத்துக்கு இழுத்து சத்தமாக்கிட்டாங்க, அதனால மேல சொன்ன அந்தக் காலி இடம் குறைஞ்ச மாதிரி இருக்கு. ஒரிஜினல் கம்பெனி கேசட்டும் நல்ல செட்டும் கிடைச்சா, சின்ன சின்ன ஆசையைப் போட்டு, பாட்டைக் கவனிக்காம பேஸை மட்டும் பிடிச்சுட்டு கடைசி வரைக்கும் போங்க. மாமாவோட டெக்கு இன்னும் எங்கிட்ட ஓடுது, போன வருஷம்தான் பெல்ட் மாத்தினேன். தென்காசி பக்கம் இருக்கவங்க ஞாயித்துக்கிழமை சாயங்காலம் வந்தா நானே போட்டுக் காட்டுறேன்.